மாத்திரை எண்ண வரும் பெண்: தமிழ்நாடு பொது சுகாதாரத் துறையும் ‘மக்களைத் தேடி மருத்துவ’மும்

காலை ஏழரை மணி இருக்கும். பெரியம்மா வீட்டுத் திண்ணையில் வந்து உட்கார்ந்த பெண், பையைக்கூடத் திறக்கவில்லை. “டப்பாவ எடுத்துட்டு வாங்கம்மா” என்றார். பெரியம்மா உள்ளே போய், மாத்திரைகளைப் போட்டு வைத்திருக்கும் பழைய காபித்தூள் டப்பாவை எடுத்து வந்தார். அந்தப் பெண் பிரஷர் மாத்திரை அட்டையைத் திருப்பி, இன்னும் உடைக்காத குமிழ்களை விரலால் தொட்டுத் தொட்டு எண்ணினார். பதினொன்று இருந்தது. கணக்குப்படி மூன்றுதான் மிச்சம் இருக்க வேண்டும்.

“எட்டு நாள் போடலீங்களேம்மா?”

“மக ஊட்டுக்குப் போயிருந்தேன் கண்ணு. டப்பாவ மறந்துட்டுப் போயிட்டேன். கிறுகிறுப்பு ஒண்ணும் வரல, நல்லாத்தான் இருந்தேன்.”

பட்டையைக் கையில் சுற்றி மெஷினை அமுக்கினார். 168க்கு 98. ஐந்து நிமிடம் பேசாமல் உட்காரச் சொல்லிவிட்டு மறுபடியும் பார்த்தார். 162க்கு 96. திட்டவில்லை. ஒரு சின்னக் கவரில் பத்து மாத்திரையைத் தனியாகப் போட்டு, “இது மக ஊட்டுக்குப் போற பையிலயே கிடக்கட்டும், வெளிய எடுக்காதீங்க” என்று சொல்லி, ஆணியில் தொங்கிய மஞ்சப் பைக்குள் வைத்தார். நோட்டில் ஒரு குறிப்பு எழுதினார். அடுத்த வீட்டுக்குக் கிளம்பினார்.

அவர் நர்ஸ் இல்லை. எங்கள் ஊருக்கு வாழ்க்கைப்பட்டு வந்தவர், மகளிர் சுய உதவிக் குழுவில் இருப்பவர், பிரஷர், சுகர் உள்ளவர்களுக்கு வீட்டுக்கே மாத்திரை கொண்டுவரும் அரசின் ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டத்தில் பெண் சுகாதாரத் தன்னார்வலர். மொத்தம் பத்து நிமிட வேலைதான். ஆனால் ஒரு மாநிலத்தின் பொது சுகாதாரத் துறை நூறு வருஷமாகக் கற்றுக்கொண்ட பாடம் அந்தப் பத்து நிமிடத்துக்குள் இருக்கிறது என்று நான் நினைக்கிறேன். அந்தப் பாடம் என்ன, அது எங்கே பலித்தது, எங்கே ஒழுகுகிறது என்று பார்ப்பதுதான் இந்த ஆய்வு.

நூற்றில் ஏழு பேர்

உலக சுகாதார நிறுவனத்தின் ‘ஸ்டெப்ஸ்’ முறைப்படி 2020இல் தமிழ்நாட்டில் ஒரு கணக்கெடுப்பு நடந்தது. பெரியவர்களில் 33.9 சதவீதம் பேருக்கு உயர் ரத்த அழுத்தம், 17.6 சதவீதம் பேருக்குச் சர்க்கரை நோய் என்று அதில் தெரியவந்தது. நம் தெருவை நினைத்துக்கொண்டால் இது ஆச்சரியப்பட வேண்டிய கணக்கில்லை. ஆச்சரியம் அடுத்த வரியில் இருந்தது. ரத்த அழுத்தம் உள்ளவர்களில் 7.3 சதவீதம் பேருக்குத்தான் அது கட்டுப்பாட்டில் இருந்தது. சர்க்கரை நோயாளிகளில் 10.8 சதவீதம்.

அதாவது பிரஷர் உள்ள நூறு பேரை வரிசையில் நிறுத்தினால், தொண்ணூற்று மூன்று பேர் பக்கவாதத்தையும் மாரடைப்பையும் நோக்கி மெல்ல நடந்துகொண்டிருந்தார்கள். அவர்களில் பலருக்கு நோய் இருப்பதே தெரியாது. தெரிந்தவர்களில் ஒரு பகுதி மாத்திரையே தொடங்கவில்லை. தொடங்கியவர்களில் ஒரு பகுதி நடுவில் விட்டுவிட்டார்கள். இது மருந்தே கிடைக்காத மாநிலத்தின் கதை என்றால் புரிந்துகொள்ளலாம். தமிழ்நாட்டில் எந்த ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போனாலும் பிரஷர் மாத்திரையும் சுகர் மாத்திரையும் காசில்லாமல் கிடைக்கும். அப்படி இருந்தும் நூற்றில் ஏழு பேர்தான் என்றால், இடைவெளி மருந்துக் கிடங்கில் இல்லை. கிடங்குக்கும் பெரியம்மாவின் காபித்தூள் டப்பாவுக்கும் நடுவில் எங்கோ இருந்தது.

துறையின் எலும்புக்கூடு

இந்த இடைவெளியை யார் அடைப்பது? இங்கேதான் தமிழ்நாட்டின் அமைப்பு மற்ற பல மாநிலங்களிலிருந்து வேறுபடுகிறது. நம் சுகாதாரத் துறைக்குள் முக்கியமாக மூன்று தனித்தனி இயக்ககங்கள் உண்டு. மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகள் ஒன்றின் கீழ், மாவட்ட, வட்ட மருத்துவமனைகள் இன்னொன்றின் கீழ். மூன்றாவது பொது சுகாதாரம் மற்றும் நோய்த்தடுப்பு மருந்து இயக்ககம். சென்னை தேனாம்பேட்டை டி.எம்.எஸ். வளாகத்தில் அலுவலகம். சென்னை மாகாண காலத்தில், 1920களின் தொடக்கத்தில் தோன்றியது. 2022 டிசம்பரில் மாமல்லபுரத்தில் நூற்றாண்டு மாநாடு நடத்தினார்கள். 1939இல் வந்த சென்னைப் பொது சுகாதாரச் சட்டம் இன்றும் இந்தத் துறையின் கையில் இருக்கும் கருவி. குடிநீர், கழிவு, கொள்ளைநோய் என்று எல்லாவற்றிலும் சுகாதார அலுவலருக்கு அதிகாரம் கொடுத்த சட்டம் அது.

இந்தத் துறைக்குத் தனி நிதி, தனிப் பணியாளர் வரிசை. இதில் மேலே வரும் மருத்துவர்கள் பொது சுகாதாரத்தில் தனியாகப் படித்துத் தகுதி பெற்றிருக்க வேண்டும். அறுவை சிகிச்சை நிபுணர் ஒருவரை உட்காரவைத்துக் கொசு ஒழிப்பைப் பார்க்கச் சொல்லும் ஏற்பாடு இங்கே இல்லை. 2017இன் தேசிய சுகாதாரக் கொள்கை எல்லா மாநிலங்களுக்கும் இப்படி ஒரு பொது சுகாதாரப் பணி வரிசை வேண்டும் என்று சொன்னபோது, அது தமிழ்நாட்டில் ஏற்கெனவே பல பத்தாண்டுகளாக நடந்துகொண்டிருந்தது. 2004 சுனாமிக்குப் பிறகு நாகப்பட்டினத்தில் காலராவோ வேறு கொள்ளைநோயோ பரவாமல் தடுக்க, மற்ற மாவட்டங்களிலிருந்து சுகாதார ஆய்வாளர்களைக் கூட்டமாக இறக்க முடிந்ததும் இந்த அமைப்பால்தான்.

நிர்வாகத்துக்காக மாநிலம் சுகாதார மாவட்டங்களாகப் பிரிக்கப்பட்டிருக்கிறது. வருவாய் மாவட்டம் 38 என்றால் சுகாதார மாவட்டம் அதைவிட அதிகம். பெரிய மாவட்டங்களை இரண்டாகப் பிரித்துவிட்டார்கள். அதற்குக் கீழே வட்டார அளவில் ஒரு மருத்துவ அலுவலர், அதற்குக் கீழே ஆரம்ப சுகாதார நிலையங்கள், கடைசியில் 8,713 துணை சுகாதார நிலையங்கள். சமவெளியில் சுமார் 5,000 பேருக்கு ஒன்று, மலைப்பகுதியில் 3,000 பேருக்கு ஒன்று. ஒவ்வொன்றிலும் ஒரு கிராம சுகாதாரச் செவிலியர். ஊரில் ‘நர்சம்மா’ என்று சொன்னால் அது இவர்தான்.

நர்சம்மாவின் பெரிய சொத்து அவர் கையிலுள்ள பட்டியல். எந்தத் தெருவில் யார் மாசமாக இருக்கிறார்கள், யாருக்கு எந்த வாரம் தடுப்பூசி, யாருக்கு ரத்தசோகை, யாருக்கு முதல் பிரசவம் சிசேரியன். இதைத் துறை 2008 வாக்கில் கணினிக்குக் கொண்டுபோனது. அதில் ஒவ்வொரு கர்ப்பிணிக்கும் கிடைக்கும் பதிவு எண்ணை ‘பிக்மி’ எண் என்று ஊரில் எல்லோருக்கும் தெரியும். அந்த எண் இல்லாமல் குழந்தைக்குப் பிறப்புச் சான்றிதழ் வாங்க முடியாது என்ற நிலை பின்னால் வந்ததும், பட்டியலுக்கு வெளியே நிற்கும் கர்ப்பிணிகள் அரிதானார்கள். 1987இல் 300 ரூபாயில் தொடங்கிய முத்துலட்சுமி ரெட்டி மகப்பேறு நிதியுதவி படிப்படியாக உயர்ந்து 18,000 ரூபாய் ஆனது. அதில் ஒரு பங்கு ஊட்டச்சத்துப் பெட்டகமாக வந்தது. ஆரம்ப சுகாதார நிலையங்களில் மூன்று செவிலியர்களைப் போட்டு, ராத்திரியிலும் பிரசவம் பார்க்கும்படி செய்தார்கள். மலைக்கிராமப் பெண்களுக்காகப் பிரசவ காத்திருப்பு அறைகள் வந்தன. 2019–21 தேசிய குடும்ப நலக் கணக்கெடுப்பில், தமிழ்நாட்டுப் பிரசவங்களில் 99.6 சதவீதம் மருத்துவமனையில் நடப்பதாக வந்தது. 2018–20இல் லட்சம் பிரசவத்துக்கு 54 தாய்மார் இறப்பு. அந்தக் காலகட்டத்தின் தேசிய சராசரி 97.

சரி, இவ்வளவு நன்றாகச் செய்த துறை பிரஷரில் எப்படிக் கோட்டைவிட்டது?

முடிவில்லாத நோய்

கர்ப்பத்துக்கு ஒரு தேதி உண்டு. பத்து மாதம் ஓடியாடிப் பார்த்துக்கொண்டால் பிள்ளை கையில் வந்துவிடும். வீடு முழுக்க அந்தத் தேதியை எதிர்பார்த்திருக்கும். மாமியார் ஞாபகப்படுத்துவார், புருஷன் வண்டி ஏற்பாடு செய்வான். பிரஷருக்குத் தேதி இல்லை. வலி இல்லை, காய்ச்சல் இல்லை, யாரும் பார்த்துப் பரிதாபப்படும் வீக்கமும் இல்லை. நன்றாக இருக்கும் ஆளிடம் போய், நீங்கள் நோயாளி, சாகும்வரை தினம் ஒரு மாத்திரை போடுங்கள் என்று சொல்ல வேண்டும். போட்டால் ஒன்றும் நடக்காது; அந்த ஒன்றும் நடக்காமல் இருப்பதுதான் பலன். இதை நம்பவைப்பதுபோல் கஷ்டமான வேலை சுகாதாரத்தில் வேறில்லை.

துறை இதற்கு முன்பே முயன்றது. உலக வங்கி உதவியோடு நடந்த சுகாதாரத் திட்டத்தின் கீழ், 2007இல் சிவகங்கை, விருதுநகர் மாவட்டங்களில் இதயநோய்த் தடுப்புக்கான முன்னோடி முயற்சி நடந்தது. 2012க்குப் பிறகு மாநிலம் முழுக்கத் தொற்றா நோய்ப் பிரிவுகள் வந்தன. மருத்துவமனையில் தனி மேஜை, தனி நர்ஸ், வந்தவருக்கெல்லாம் பிரஷர் பார்த்தார்கள், சுகர் பார்த்தார்கள். லட்சக்கணக்கானோருக்கு நோய் இருப்பது அங்கேதான் தெரிந்தது. ஆனால் மாதாமாதம் மாத்திரை வாங்க அவர்களே வர வேண்டியிருந்தது.

வருவது என்றால் என்ன என்பதைப் பெரியம்மா கணக்கில் சொல்கிறேன். காலை ஏழு மணி டவுன் பஸ்ஸைப் பிடித்தால் எட்டு மணிக்கு ஆஸ்பத்திரி. ஓ.பி. சீட்டுக்கு ஒரு வரிசை, பிரஷர் பார்க்க ஒரு வரிசை, டாக்டருக்கு ஒரு வரிசை, மருந்துக்கு ஒரு வரிசை. திரும்பி வர மதியம். அன்றைக்கு நூறு நாள் வேலை போச்சு. மாட்டுக்குத் தண்ணி காட்ட ஆள் இல்லை. இலவச மாத்திரைக்கு அவர் கொடுத்த விலை ஒரு நாள் கூலி. மூன்று மாதம் போனார், நான்காவது மாதம் நிறுத்தினார். அவர் மேல் எனக்குக் குறை சொல்லத் தோன்றவில்லை.

2020இல் கொரோனா வந்ததும் இருந்த கொஞ்சமும் அறுந்தது. பஸ் இல்லை, ஆஸ்பத்திரிக்குப் போகப் பயம், செவிலியர்கள் எல்லோரும் காய்ச்சல் முகாமில். சுகர், பிரஷர் உள்ளவர்களுக்குத்தான் கொரோனாவில் ஆபத்து அதிகம். அவர்களுக்கு அந்த நேரத்தில்தான் மாத்திரை கிடைக்கவில்லை. அவர்கள் வர முடியாவிட்டால் நாம் போவோம் என்ற முடிவுக்குத் துறை வந்தது இந்தச் சூழலில்தான்.

பையோடு கிளம்பியவர்கள்

2021 ஆகஸ்ட் 5 அன்று கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில் முதலமைச்சர் மு.க. ஸ்டாலின் மக்களைத் தேடி மருத்துவத்தைத் தொடங்கிவைத்தார். முதலில் 50 வட்டாரங்கள், அப்புறம் மாநிலம் முழுக்க.

அமைப்பு எளிமையானது. துணை சுகாதார நிலையத்துக்கு ஒருவர் என்ற அளவில் பெண் சுகாதாரத் தன்னார்வலர்கள். மகளிர் மேம்பாட்டு நிறுவனத்தின் வழியாகச் சுய உதவிக் குழுக்களிலிருந்து தேர்வானவர்கள், அதனால் அந்தந்தப் பகுதிக்காரர்கள். பையில் டிஜிட்டல் பிரஷர் கருவி, விரல் நுனியில் குத்தி சுகர் பார்க்கும் குளுக்கோமீட்டர், மாத்திரைகள். வீட்டில் பெரியவர்களுக்குப் பரிசோதித்து, சந்தேகம் வந்தால் ஆரம்ப சுகாதார நிலையத்துக்கு அனுப்புவார். நோயை உறுதிசெய்வதும் மருந்து எழுதுவதும் டாக்டர் வேலை. எழுதிய மருந்தை அதன்பின் வீட்டுக்குக் கொண்டுவருவது இவர் வேலை. ஊரில் எல்லோருக்கும் தெரிந்த முகம், கையில் ஒரு பட்டியல், திரும்பத் திரும்ப அதே வீடு. நர்சம்மா கர்ப்பிணிகளுக்குச் செய்த வேலையின் அதே அச்சு. துறை புதிதாக ஒன்றைக் கண்டுபிடிக்காமல், தனக்கு நன்றாகத் தெரிந்ததை வேறு நோய்க்குத் திருப்பியது. இந்தத் திட்டத்தில் நான் மிகவும் மதிக்கும் முடிவு இதுதான்.

இன்னொரு பகுதியைப் பற்றிப் பத்திரிகைகளில் குறைவாகத்தான் எழுதுகிறார்கள். ஒவ்வொரு வட்டாரத்திலும் ஒரு வண்டி, அதில் இயன்முறை மருத்துவர் (பிசியோதெரபிஸ்ட்) ஒருவரும் நோய்த்தணிப்புச் செவிலியர் ஒருவரும். பெரியம்மா வீட்டுக்கு மூன்றாவது வீட்டில் ஒருவர் பக்கவாதத்தில் விழுந்து ஒன்றரை வருஷம் கட்டிலோடு இருந்தார். அவர் வீட்டுக்கு இயன்முறை மருத்துவர் வந்த அன்று நானும் போயிருந்தேன். விட்டத்தில் ஒரு கயிற்றைப் போட்டு, ஒரு முனையை நல்ல கையிலும் மறு முனையை விழுந்த கையிலும் பிடிக்கவைத்தார். நல்ல கை இழுத்தால் விழுந்த கை மேலே போகும். “தண்ணி சேந்தற மாதிரிதாங்க” என்றதும் அந்தப் பெரியவருக்குச் சட்டென்று புரிந்துவிட்டது. கிணற்றில் நாற்பது வருஷம் தண்ணீர் இறைத்தவர். கூட வந்த செவிலியர், முதுகுப் புண்ணைக் கழுவிக் கட்டுப்போட்டுவிட்டு, இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை எப்படிப் புரட்டிப் படுக்கவைப்பது என்று மருமகளைச் செய்யவைத்துப் பார்த்தார். முதல் தடவை தப்பாகச் செய்தார். இரண்டாவது தடவை சரியாக வந்தது. “போன மாசம் நான் ஒத்த ஆளு, இப்ப எனக்கும் யாரோ இருக்காங்க” என்று அந்த மருமகள் என்னிடம் சொன்னதை எந்தப் பதிவேட்டிலும் ஏற்ற முடியாது.

சிறுநீரகம் பழுதானவர்களில், வயிற்றின் வழியாக வீட்டிலேயே டயாலிசிஸ் செய்துகொள்பவர்களுக்கான திரவப் பைகளும் இந்தத் திட்டத்தில் வீடு தேடி வருகின்றன. நாளுக்கு மூன்று நான்கு தடவை பை மாற்ற வேண்டும். ஒரு மாதத்துக்கானதை அடுக்கினால் வீட்டின் ஒரு மூலையே நிறைந்துவிடும். அதைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏற முடியுமா?

மாத்திரை வரும் வழி

இத்தனை வீட்டுக்கு மாதாமாதம் மாத்திரை போக வேண்டும் என்றால், பின்னால் ஒரு கிடங்கு ஓயாமல் ஓட வேண்டும். அது 1994இல் உருவான தமிழ்நாடு மருத்துவப் பணிகள் கழகம். மாநிலம் முழுக்கத் தேவையான மருந்தை மொத்தமாக ஒப்பந்தப்புள்ளியில் வாங்கி, தரம் பார்த்து, மாவட்டக் கிடங்குகளில் வைக்கிறது. ஒவ்வொரு ஆஸ்பத்திரிக்கும் வங்கியில் இருப்பதுபோல ஒரு பாஸ்புக். அதில் உள்ள தொகைக்குள் தங்களுக்கு வேண்டியதை அவர்களே எடுத்துக்கொள்ளலாம். எங்கே எது அதிகம் தேவை என்பதைச் சென்னையில் உட்கார்ந்து யாரும் ஊகிக்க வேண்டியதில்லை. மொத்தக் கொள்முதலால் மாத்திரையின் விலை சில பைசாக்களில் நிற்கிறது. அதனால்தான் ஓர் அரசால் இத்தனை பேருக்கு ஆயுள் முழுக்கக் கொடுக்க முடிகிறது.

இந்த வழி ஒருமுறை திறந்துவிட்டதால் அதில் வேறு சிலவும் ஏறின. 2023இல் வந்த ‘இதயம் காப்போம்’ திட்டத்தில், மாரடைப்பு அறிகுறியோடு வருபவருக்கு ஆஸ்பிரின், குளோபிடோகிரல், அட்டோர்வாஸ்டாட்டின் என்று மொத்தம் 14 மாத்திரைகளைத் துணை சுகாதார நிலையத்திலேயே கொடுத்துப் பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்புகிறார்கள். மலைப்பாதையில் இரண்டு மணி நேரம் போக வேண்டிய ஊருக்கு இது எவ்வளவு பெரிய விஷயம் என்று அங்கே இருப்பவர்களுக்குத்தான் தெரியும்.

இரண்டு கணக்குகள்

2022 டிசம்பர் 29 அன்று திருச்சி மாவட்டம் சன்னாசிப்பட்டியில், ஒரு கோடியாவது பயனாளிக்கு முதலமைச்சர் மருந்துப் பெட்டகம் கொடுத்தார். 2024 செப்டம்பரில், தொற்றா நோய்த் தடுப்புக்கான ஐக்கிய நாடுகள் அவையின் பணிக்குழு விருது இந்தத் திட்டத்துக்குக் கிடைத்தது. இரண்டும் பெருமைக்குரியவை, ஆனால் நான் பார்க்கும் கணக்கு வேறு.

பயனாளி எண்ணிக்கை என்பது எத்தனை கதவைத் தட்டினோம் என்ற கணக்கு. முதல் தடவை மாத்திரை வாங்கியவரும் அதில் ஒருவர், பன்னிரண்டாவது மாதமும் விடாமல் போடுபவரும் ஒருவர். ரத்தக் குழாய்க்கு இந்த இருவரும் ஒன்றில்லை. பக்கவாதத்தைத் தடுப்பது பன்னிரண்டாவது மாதம். அதனால் பார்க்க வேண்டியது கட்டுப்பாட்டு விகிதம். 2023–24இல் இரண்டாம் சுற்று ஸ்டெப்ஸ் கணக்கெடுப்பு நடந்தபோது, ரத்த அழுத்தக் கட்டுப்பாடு 7.3 சதவீதத்திலிருந்து 17 சதவீதமாகவும், சர்க்கரைக் கட்டுப்பாடு 10.8இலிருந்து 16.7 சதவீதமாகவும் உயர்ந்திருந்தது.

மூன்று நான்கு வருஷத்தில், அதிலும் கொரோனாவுக்கு நடுவில், பிரஷர் கட்டுப்பாடு இரண்டு மடங்குக்கு மேல் ஆனது சாதாரணமில்லை. உயர்ந்ததெல்லாம் இந்த ஒரு திட்டத்தால்தான் என்று சொல்லிவிட முடியாது. கொரோனாவுக்குப் பிறகு மக்களுக்கே உடம்பைப் பற்றிய பயம் கூடியிருக்கிறது, தனியார் மருத்துவமும் பெருகியிருக்கிறது. ஆனாலும் வீடு தேடிப் போகாமல் இது நடந்திருக்காது என்பது என் கணிப்பு. அதேபோல் பிரஷர் உள்ள நூறு பேரில் இன்னும் 83 பேர் வெளியே நிற்கிறார்கள் என்பதையும் மறைக்கக் கூடாது. சர்க்கரையில் ஏற்றம் குறைவாக இருப்பதற்கும் காரணம் தேட வேண்டும். பிரஷரைப் பெரும்பாலும் மாத்திரையே இறக்கிவிடும். சர்க்கரைக்குச் சோற்றுத் தட்டும் மாற வேண்டும்; மூன்று வேளையும் ரேஷன் அரிசியில் ஓடும் வீட்டில் அதை ஒரு தன்னார்வலர் மட்டும் மாற்ற முடியாது.

ஒழுகும் இடங்கள்

ஆண்கள் வீட்டில் இல்லை. பகலில் கதவைத் தட்டினால் திறப்பவர்கள் பெண்களும் வயசானவர்களும்தான். நாற்பது வயது லாரி டிரைவர், சாயப்பட்டறைத் தொழிலாளி, கட்டட வேலைக்காரர் இவர்களுக்குப் பிரஷர் இருந்தால் அது யாருக்கும் தெரியாமலே இருக்கும். இதைத் துறை கவனித்தது. 2024இல் தொழிலாளர்களின் பணியிடத்துக்கே போகும் பிரிவைத் தொடங்கினார்கள். ஆனால் வாயிற்கதவும் வருகைப் பதிவேடும் உள்ள ஆலைக்குப் போவது சுலபம், தினம் ஒரு இடத்தில் கூலி வேலை பார்ப்பவரைப் பிடிப்பது அவ்வளவு சுலபமில்லை. நகரத்தில் இன்னும் சிரமம். வாடகை வீட்டுக்காரர்கள் ஆறு மாதத்துக்கு ஒருமுறை மாறிப்போகிறார்கள், பட்டியல் பழசாகிவிடுகிறது.

மாத்திரை அட்டையின் நிறம் அடுத்தது. இது எங்கள் வீட்டில் நடந்தது. ஒரு மாதம் வழக்கமான அட்டைக்குப் பதிலாக வேறு நிற அட்டை வந்தது. மருந்து அதேதான், ஒப்பந்தம் வேறு கம்பெனிக்கு மாறியிருந்தது, அவ்வளவுதான். கொடுத்தவர்கள் அதைச் சொல்லவில்லை. யாருடைய மருந்தோ மாறி வந்துவிட்டது என்று பெரியம்மா அதைத் தொடவே இல்லை. இரண்டு வாரம். எழுத்து வாசிக்கத் தெரியாதவர்களுக்கு நிறம்தான் பெயர். நிறம் மாறும் மாதத்தில் பழைய அட்டையையும் புது அட்டையையும் சேர்த்துக் காட்டி, இரண்டும் ஒன்றுதான் என்று சொல்ல வேண்டும் என்பதைத் தன்னார்வலர் பயிற்சியில் ஒரு பாடமாகவே வைக்கலாம். செலவே இல்லாத வேலை.

இன்னொன்று, தனியார் டாக்டரிடமும் மாத்திரை வாங்கி, இங்கேயும் வாங்கி வைத்திருக்கும் வீடுகள். இரண்டையும் போடுகிறவர்கள் உண்டு, இரண்டையும் போடாதவர்களும் உண்டு. டப்பாவைத் திறந்து பார்த்தால் மட்டுமே இது தெரியும். தன்னார்வலர் விவரம் ஏற்றும் கைபேசிச் செயலியில் ‘மருந்து வழங்கப்பட்டது’ என்று பதிவாவதோடு கணக்கு முடிந்துவிடுகிறது. வழங்கியது எத்தனை, விழுங்கியது எத்தனை என்று இரண்டு கட்டம் இருந்தால் நன்றாயிருக்கும்.

இதையெல்லாம்விடப் பெரியது தன்னார்வலரின் நிலை. தொடக்கத்தில் மாதம் 4,500 ரூபாய். பிறகு கொஞ்சம் உயர்ந்தது. அதற்குப் பெயர் சம்பளம் இல்லை, ஊக்கத்தொகை. வெயிலில் தெருத்தெருவாக நடந்து, ராத்திரி உட்கார்ந்து செயலியில் ஏற்றி, விடுபட்ட வீட்டுக்கு மறுநாள் போய், மாதம் முழுக்கச் செய்யும் வேலைக்கு அது போதாது என்று அவர்கள் பல முறை கோரிக்கை வைத்திருக்கிறார்கள். நியாயமான கோரிக்கை. பதினைந்து கிலோமீட்டரில் இருக்கும் பனியன் கம்பெனி இதைவிட அதிகம் கொடுக்கும். அவர் அங்கே போய்விட்டால் புதிதாக ஒருவரை நியமிக்கலாம், பயிற்சி கொடுக்கலாம், பையைக் கையில் கொடுக்கலாம். மக ஊட்டுக்குப் போகும்போது பெரியம்மா டப்பாவை மறப்பார் என்பது மட்டும் அந்தப் புதியவருக்குத் தெரியாது. இந்தத் திட்டத்தின் உண்மையான பதிவேடு அவர்கள் தலைக்குள் இருக்கிறது. அவர்கள் வேலையைத் தற்காலிக வேலையாக வைத்திருப்பது, வீட்டு அஸ்திவாரத்தைக் குத்தகைக்கு எடுத்ததுபோல.

பக்கத்து ஊர் தன்னார்வலர் ஒருவர் சொன்னார்: விடுப்பு எடுத்தால் பார்க்க ஆள் இல்லை. கிராம சுகாதாரச் செவிலியர் இருக்கிறார், இடைநிலைச் செவிலியர் இருக்கிறார், ஆனால் அவர்கள் கையில் ஏற்கெனவே வேலை நிரம்பி வழிகிறது. இரண்டு துணை சுகாதார நிலையங்களுக்குப் பொதுவாக ஒரு மாற்றுத் தன்னார்வலர் இருந்தால் போதும். பெரிய செலவு ஆகாது.

போன தடவை ஊருக்குப் போனபோது இது எங்களுக்கே நடந்திருந்தது. எங்கள் தன்னார்வலர் மகளின் பிரசவத்துக்காகப் போயிருந்தார். மூன்று வாரமாக யாரும் வரவில்லை. மாத்திரை தீர்ந்திருக்கும் என்று பயந்துகொண்டேதான் டப்பாவைத் திறந்தேன். உள்ளே புது அட்டை இருந்தது.

“ஏது இது?”

“நானே பஸ் ஏறிப் போய் வாங்கியாந்தேன். அந்தப் புள்ளயும் வரக் காணோம். எண்ணிப் பாத்தேன், நாலுதான் கெடந்துச்சு.”